கனாக்கரை உடன்படிக்கை: நான்கு வரைவில் எதை எடுப்பது?

நான்கு வரைவும் கைக்கு வந்துவிட்டன. நாம் சேர்ந்து எழுதி ஆடுகிற கதையில் வரும் கனவு நாடுதான் கனாக்கரை, அடுத்த பருவக் கதை தொடங்குவதற்குள் அதன் அதிகாரத்தைப் பங்கிட எந்த உடன்படிக்கை என்று நாம் முடிவு செய்தாக வேண்டும். நான் நான்காவது வரைவின் பக்கம், ஆனால் இப்போது இருக்கிறபடியே அதை ஏற்க மாட்டேன், மறதி அதிகாரம் பற்றிய பிரிவை மாற்றி எழுதினால்தான் ஏற்பேன். காரணத்தைக் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன், ஏனென்றால் இதை வெறும் விளையாட்டு விதி என்று என்னால் நினைக்க முடியவில்லை. இங்கே மொரீஷியஸில், ரோஸ் ஹில்லில் சனிக்கிழமை தமிழ் வகுப்பு முடிந்த கையோடு உட்கார்ந்து நாம் எல்லாரும் சேர்ந்து கட்டிய உலகம் இது. வீட்டில் முழுக்க முழுக்கக் கிரியோல் பேசுகிற பிள்ளைகள் தமிழில் எதிர்வாதம் செய்யப் பழகியதே இந்தக் கதைக்காகத்தான். ஒரு நாட்டின் அதிகாரத்தை யார் யார் எப்படிப் பங்கு போட்டுக்கொள்வது என்று அவர்களில் பலர் முதல் தடவையாக யோசிக்கப் போவதும் இதற்குள்தான். அதனால் அவசரப்பட்டுக் கை தூக்க வேண்டாம்.

புதிதாகச் சேர்ந்தவர்களுக்காக நிலவரத்தைச் சொல்லிவிடுகிறேன். கனாக்கரையில் மூன்று தரப்பு. இரவில் உறங்கியதும் படகில் வந்து இறங்குகிறவர்கள் துயில்வார். அவர்கள் கொண்டுவரும் நினைவுகள்தான் நூல், அது இல்லாமல் அங்கே ஒரு தெருவும் உருவாகாது, ஒரு மரமும் முளைக்காது. கனவுக்குள்ளேயே பிறந்து அங்கேயே வாழ்கிறவர்கள் நிழலார். விழித்த உலகில் அவர்களுக்கு உடம்பு கிடையாது. கதவைக் காக்கிறவர்கள் விடியற்காவலர். அவர்கள் தூங்குவதும் இல்லை, கனவு காண்பதும் இல்லை, காலையில் அவர்கள் கதவைத் திறந்தால்தான் துயில்வார் வீடு திரும்ப முடியும்.

பங்கிட வேண்டிய அதிகாரமும் மூன்று. கனவை உருவாக்குவது நெசவு. வருவதையும் போவதையும் தீர்மானிப்பது கதவு. விடியும்போது எது அழியலாம், எது நினைவில் நிற்க வேண்டும் என்று முடிவு செய்வது மறதி. போன பருவம் நீளிரவுப் போரில் முடிந்தது. துயில்வார் நினைவுகளைத் தர மறுத்தார்கள், காவலர் கதவைத் திறக்க மறுத்தார்கள், இந்த இரண்டு பேருடைய பிடிவாதத்துக்கும் நடுவில் நிழலாரின் பாதி ஊர்கள் கரைந்து போயின. ஒரு கனவு முழுக்க மறந்துபோனால் அதிலிருந்த நிழலாரும் இல்லாமல் போவார்கள் என்பது இந்த உலகத்தின் அடிப்படை விதி. வரைவுகளைப் படிக்கும்போது இந்த ஒன்றை மட்டும் கையில் பிடித்துக்கொண்டு படியுங்கள்.

முதல் வரைவு யாம முறை. மாலை ஆறிலிருந்து காலை ஆறு வரை நான்கு யாமம், யாமத்துக்கு ஏழரை நாழிகை, அதாவது மூன்று மணி நேரம். முதல் மூன்று யாமங்கள் மூன்று தரப்புக்கும் ஆளுக்கொன்று, கடைசி யாமம் முறை வைத்துச் சுழலும். தன் யாமத்தில் நெசவு, கதவு, மறதி மூன்றும் அந்தத் தரப்பின் கையில். எழுதிய அக்கா எவ்வளவு ரசித்து எழுதியிருக்கிறார் என்பது ஒவ்வொரு பிரிவிலும் தெரிகிறது, நான்கில் மொழி அழகு இதற்குத்தான் அதிகம், நம்மிடம் ஏற்கெனவே இருக்கிற இரவுக் கணக்கை அப்படியே எடுத்து ஆட்சிமுறை ஆக்கியிருக்கிறார். ஆனால் அந்தக் கணக்கே இந்த வரைவைக் கவிழ்த்துவிடுகிறது. விடியற்காலையில் கண்ட கனவு சீக்கிரம் பலிக்கும் என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்வார்கள் அல்லவா, நான்கு யாமமும் ஒரே எடை இல்லை என்பதுதானே அதற்கு அர்த்தம்? உறக்கத்தை ஆராய்ந்தவர்கள் சொல்வதும் ஏறக்குறைய இதற்கு ஒத்துப்போகிறது. மூடிய இமைக்குள் கண்மணி வேகமாக அசைகிற உறக்க நிலையை 1953இல் பதிவு செய்தார்கள், தெளிவான கனவுகள் பெரும்பாலும் அந்த நிலையில்தான் வருகின்றன, சுமார் 90 நிமிடத்துக்கு ஒருமுறை அது திரும்பி வருகிறது, ஒவ்வொரு சுற்றிலும் நீண்டுகொண்டே போய் இரவின் கடைசிப் பகுதியில்தான் மிக அதிகமாக இருக்கிறது. அப்படியானால் கனாக்கரையின் பெரும்பகுதி நாலாம் யாமத்தில் இருக்கிறது. அதை வாங்கியவர் ராஜா, மற்ற இருவரும் காத்திருப்பவர்கள்.

இன்னொன்றும் இருக்கிறது. விடியல் என்பது சூரியனைப் பொறுத்தது என்று வரைவிலேயே எழுதியிருக்கிறது. தமிழ்நாட்டில் மார்கழி இரவு நீளம். நமக்கு இங்கே மார்கழியில்தான் இரவு மிகக் குட்டை, ஜூனில்தான் நீளம். மொரீஷியஸில் உறங்குகிறவரும் மதுரையில் உறங்குகிறவரும் ஒரே கரையில் வந்து இறங்கினால் யாருடைய நாலாம் யாமத்தை வைத்துக் கணக்குப் போடுவது? வரைவில் அதற்குப் பதில் இல்லை.

முறை வைத்து ஆள்வது உலகத்தில் இல்லாத ஒன்றல்ல. பிரான்ஸுக்கும் ஸ்பெயினுக்கும் நடுவில் ஓடும் பிதாசோவா ஆற்றில் ஃபெசன் தீவு என்று ஒரு திட்டு இருக்கிறது, 1659இல் இரண்டு நாடும் சமாதானம் செய்துகொண்ட இடம், இன்றைக்கும் ஆறு மாதம் ஒருவர், ஆறு மாதம் மற்றவர் என்று அது கை மாறுகிறது. பிரச்சினையே வருவதில்லை, ஏனென்றால் அங்கே யாரும் குடியில்லை. ஆள் வாழ்கிற இடத்தில் சுழற்சியை வைத்தவர்கள் வேறு மாதிரி வைத்தார்கள். பொஸ்னியாவில் 1995 டேட்டன் உடன்படிக்கைப்படி ஆட்சித் தலைமை மூன்று பேர் கொண்டது, எட்டு மாதத்துக்கு ஒருமுறை மாறுவது தலைமை நாற்காலி மட்டும், மொத்த அதிகாரமும் கை மாறுவதில்லை. யாம முறையிலோ மூன்றாம் யாமம் வந்ததும் மறதி காவலர் கைக்குப் போகிறது, அதற்கு முந்திய ஆறு மணி நேரமும் மற்ற இருவரும் நெய்ததை அவர்கள் ஒரு சொல்லில் அழித்துவிடலாம். ஒவ்வொரு இரவும் போர் நிறுத்தம், ஒவ்வொரு இரவும் போர். ஆடுகிறவர்களுக்கும் இது சீக்கிரம் அலுத்துவிடும், கட்டியது எதுவும் காலை வரை நிற்காத உலகத்தில் யார் எதைக் கட்டுவார்கள்?

இரண்டாவது வரைவு எல்லை பிரிப்பது. துறைமுகம் துயில்வாருக்கு, மலை காவலருக்கு, தோப்புகள் நிழலாருக்கு. இதில் அதிக நேரம் செலவழிக்கத் தேவையில்லை, கனவில் நிலம் நிற்பதில்லை. போர்ட் லூயிஸ் சந்தைத் தெருவில் நடந்துகொண்டிருப்பவர் திரும்பிப் பார்த்தால் கடல், கடலுக்குள் இறங்கினால் பாட்டி வீட்டுத் திண்ணை, இதில் எல்லைக்கல்லை எங்கே நடுவது? ஆனாலும் இந்த வரைவின் ஒன்பதாம் பிரிவை மட்டும் தூக்கி எறிய வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். எந்தத் தரப்பு ஆண்டாலும் மற்றவர்களுடைய வழக்கமும் வழிபாடும் பேச்சும் அப்படியே தொடரும் என்று அது சொல்கிறது. சாதாரணமாகத் தெரிகிற இந்த மாதிரி ஒரு வரி என்ன செய்யும் என்பதற்கு நாம் வாழ்கிற தீவே சாட்சி. 1810 டிசம்பர் 3இல் பிரெஞ்சுக்காரர்கள் ஆங்கிலேயரிடம் சரணடைந்தபோது தீவில் இருந்தவர்களின் மதம், சட்டம், வழக்கம் தொடரும் என்று எழுதி வாங்கினார்கள். ஆண்டது ஆங்கிலேயர், ஆனால் நெப்போலியன் காலத்துச் சிவில் சட்டம் இங்கே நின்றது, பிரெஞ்சும் நின்றது, 200 ஆண்டு தாண்டி இன்றும் நிற்கிறது. அந்த வரி அன்றைக்கு யாரைக் காப்பாற்றியது என்று கேட்டால் நிலம் வைத்திருந்தவர்களைத்தான், அவர்களிடம் அடிமையாக இருந்தவர்களை அல்ல. நிழலாரையும் சேர்த்துக் காப்பாற்றுகிற மாதிரி அதை எழுதி, எந்த வரைவு வென்றாலும் அதற்குள் வைத்துவிடலாம்.

மூன்றாவது வரைவுதான் நம்மில் அதிகம் பேருக்குப் பிடித்திருக்கிறது, அதனால் அதைப் பற்றி நிதானமாகப் பேச வேண்டும். எழுதிய அண்ணன் நல்ல முன்மாதிரியை எடுத்துக்கொண்டிருக்கிறார், அதுவும் நம் கடலிலிருந்து. மஸ்கரீன் பீடபூமிப் பகுதியில் நமக்கும் செஷல்ஸுக்கும் பொதுவான கடலடித் திட்டு இருக்கிறது, சுமார் 3,96,000 சதுர கிலோமீட்டர். கோடு போட்டுப் பிரித்துக்கொள்ள வழக்குப் போடாமல் இரண்டு நாடும் சேர்ந்தே ஐநா ஆணையத்திடம் விண்ணப்பித்தன, 2011இல் அது ஒத்துக்கொண்டது, 2012 மார்ச் 13இல் இரண்டு உடன்படிக்கைகள் கையெழுத்தாயின. ஒன்று, அந்தக் கடலடித் தரையில் இருவருக்கும் கூட்டு உரிமை என்கிறது. மற்றது, அதை எப்படி நிர்வகிப்பது என்கிறது. மேலே இரு நாட்டு அமைச்சர்கள் மன்றம், அடுத்து ஒரு கூட்டு ஆணையம், அன்றாட வேலைக்கு ஓர் அமைப்பு, வருமானம் பாதிப் பாதி. எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்தது அது தன் வேலையைச் சுருக்கிக்கொண்ட விதம். தரையையும் தரைக்கு அடியில் இருப்பதையும் பற்றி மட்டும்தான் பேச்சு, மேலே இருக்கும் தண்ணீர் எல்லாருக்கும் பொதுவான கடல்.

அண்ணன் இதே கட்டமைப்பைத் துயில்வாருக்கும் காவலருக்கும் போட்டிருக்கிறார். மன்றம், ஆணையம், அன்றாட அமைப்பு, நெசவும் கதவும் மறதியும் இருவருக்கும் பாதிப் பாதி, இருவரும் ஒத்துக்கொள்ளாமல் எதுவும் நடக்காது. நிழலார்? அவர்கள் ‘இரு தரப்பின் பாதுகாப்பில் இருப்போர்’ என்று ஒரே வரி. நூலைக் கொண்டுவருவது துயில்வார், வாசலைக் காப்பது காவலர், இருவரும் சமாதானமானால் நிழலாருக்கும் அமைதிதானே என்பது அவர் வாதம். போர் நடந்தது இந்த இருவருக்கும் நடுவில் என்பதும் உண்மைதான்.

ஆனால் மஸ்கரீன் கடலடியில் யாரும் குடியில்லை. கனாக்கரையில் இருக்கிறார்கள். ஆள் வாழ்கிற இடத்தை இரண்டு வெளியார் சேர்ந்து ஆண்டால் என்ன ஆகும் என்று பார்க்க பசிபிக்கில் இருக்கும் இன்றைய வனுவாட்டுவுக்குப் போக வேண்டும். அன்றைக்கு அதன் பெயர் நியூ ஹெப்ரிடிஸ். 1906இலிருந்து 1980 வரை பிரிட்டனும் பிரான்ஸும் கூட்டாக ஆண்டன. ஒரே ஊரில் இரண்டு போலீஸ், இரண்டு சிறை, இரண்டு விதமான பள்ளிக்கூடம், இரண்டு சட்டம். இவர்கள் இருவருக்கும் தகராறு வந்தால் தீர்க்க ஒரு கூட்டு நீதிமன்றம், அதற்குத் தலைவரை நியமிக்கும் உரிமை ஸ்பெயின் அரசருக்கு. வேறு நாட்டிலிருந்து வந்து குடியேறியவர் பிரெஞ்சுச் சட்டமா ஆங்கிலச் சட்டமா என்று தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம். அங்கேயே தலைமுறை தலைமுறையாகப் பிறந்து வளர்ந்த மெலனீசியர்களுக்கு மட்டும் குடியுரிமை பிரிட்டனிலும் இல்லை, பிரான்ஸிலும் இல்லை. சொந்த மண்ணில் எந்த நாட்டுக் குடிமக்களாகவும் இல்லாமல் 74 வருடம். இரண்டு ஆட்சியாளர்களுக்குள் சமநிலை இருந்ததா என்று கேட்டால் இருந்தது, யார் கை ஓங்கினாலும் மற்றவர் பிடித்து இழுத்தார், அண்ணன் வரைவு கேட்கிற அந்தச் சமநிலை அங்கே நன்றாகவே இருந்தது. அங்கே வாழ்ந்தவர்களுக்கு அதனால் என்ன கிடைத்தது என்பதைத்தான் நாம் கேட்க வேண்டும்.

அவ்வளவு தூரம் போக வேண்டியதுகூட இல்லை. சாகோஸ் விஷயம் நம் எல்லாருக்கும் தெரியும். 1965இல் பிரிட்டிஷார் சாகோஸ் தீவுகளை நம்மிடமிருந்து பிரித்தார்கள், 1968க்கும் 1973க்கும் இடையில் அங்கே வாழ்ந்தவர்களை அப்புறப்படுத்தினார்கள், பெரும்பாலானவர்கள் கப்பலில் ஏற்றப்பட்டு இங்கேயும் செஷல்ஸிலும் இறக்கப்பட்டார்கள். 2019இல் சர்வதேச நீதிமன்றம் தன் ஆலோசனைக் கருத்தில் அந்தப் பிரிவினை முறையானதல்ல என்று சொன்னது, அது நமக்குக் கிடைத்த பெரிய வெற்றி, அதை நான் குறைத்துப் பேசவில்லை. 2025 மே 22இல் பிரிட்டனும் மொரீஷியஸும் உடன்படிக்கையில் கையெழுத்துப் போட்டன, இறையாண்மை நமக்கு, அந்தத் தீவுகளில் ஒன்றான டியேகோ கார்சியாவின் ராணுவத் தளம் 99 வருடத்துக்கு அவர்களிடம். ஆனால் மேசையின் இரண்டு பக்கமும் அரசுகள்தான் உட்கார்ந்திருந்தன. எங்களை யாரும் கேட்கவில்லை என்று சாகோஸ்காரர்கள் பலர் சொன்னார்கள், கையெழுத்தாகும் அன்று காலையில்கூடத் தடை கேட்டு லண்டன் நீதிமன்றத்தில் வழக்கு நடந்தது. போர்ட் லூயிஸின் ஓரத்தில் அவர்கள் பட்ட பாட்டைப் பார்த்து வளர்ந்த நாம், நாமாகவே கற்பனை செய்த ஒரு நாட்டில், யாரும் நம்மை நெருக்காத இடத்தில், அதே வரியை ஏன் எழுத வேண்டும்? இந்தக் கேள்விக்கு எனக்குச் சமாதானமான பதில் கிடைக்கும் வரை மூன்றாவது வரைவுக்கு என்னால் கை தூக்க முடியாது.

துயில்வார் ஒவ்வொரு காலையும் வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். காவலர் வாசலில் நிற்கிறார்கள், வேண்டுமென்றால் வெளியே ஓர் அடி எடுத்து வைக்கலாம். நிழலாருக்கு மட்டும்தான் போக வேறு இடம் இல்லை. எங்கும் போக முடியாதவர்களின் கையெழுத்து இல்லாமல் அந்த இடத்தைப் பற்றி உடன்படிக்கை எழுதக் கூடாது, நான் சொல்ல வருவது இவ்வளவுதான், மற்றதெல்லாம் இதிலிருந்து வருவது.

சரி, நான்காவது வரைவு. மூன்று தரப்பும் சேர்ந்து ஒரே சபையைத் தேர்ந்தெடுக்கிறது, 30 இடம். தேர்தல் முடிந்த பிறகு எந்தத் தரப்புக்கு அதன் பங்குக்குக் குறைவாக இடம் கிடைத்ததோ அந்தத் தரப்பிலிருந்து தோற்றவர்களில் அதிக வாக்கு வாங்கியவர்களைக் கூப்பிட்டு மேற்கொண்டு ஆறு இடம் வரை கொடுக்கிறது. எங்கிருந்து எடுத்தது என்று சொல்லவே வேண்டாம். நம் நாடாளுமன்றத்தில் 62 பேர் நேரடியாகத் தேர்ந்தெடுக்கப்படுகிறார்கள், அதற்கு மேல் எட்டு இடம் வரை தோற்றவர்களில் முன்னால் நிற்பவர்களுக்குப் போகிறது, முதல் நான்கு சமூகக் கணக்கைப் பார்த்து, அடுத்த நான்கு கட்சிகளின் சமநிலை கெடாமல் பார்த்து. 1968இல் சுதந்திரம் வந்தபோது ஒருவரை ஒருவர் பயந்துகொண்டிருந்த ஒரு சின்னத் தீவில் யாரையும் வெளியே நிறுத்திவிடவில்லை என்ற நம்பிக்கையை அது கொடுத்தது, அதை மறுக்க முடியாது. கனாக்கரைக்கும் இப்போது அந்த நம்பிக்கைதான் முதலில் வேண்டும். துயில்வார் கோடிக்கணக்கில் வருகிறார்கள், நிழலார் கொஞ்சம் பேர், வெறும் வாக்கு எண்ணிக்கையை வைத்தால் நிழலார் ஒரு இடம்கூட வாங்க மாட்டார்கள்.

ஆனால் எடுத்தவர்கள் அதன் நோயையும் சேர்த்து எடுத்துவிட்டார்கள். நம் முறையில் வேட்பாளர் தான் இந்து, முஸ்லிம், சீன மொரீஷியர், இந்த மூன்றிலும் சேராத ‘பொது மக்கள்’ என்ற நான்கில் எது என்று அறிவிக்க வேண்டும். தமிழருக்கென்று அதில் தனி இடம் கிடையாது, இந்து என்பதற்குள் அடக்கம். எந்தச் சமூகம் எத்தனை பேர் என்பதற்கு இன்னமும் 1972 கணக்கெடுப்பைத்தான் பார்க்கிறார்கள், அதற்குப் பிறகு சமூகவாரியாக எண்ணவே இல்லை. எண்ணிக்கையைப் புதுப்பிக்காமல் இப்படி அறிவிக்கச் சொல்வது சரியில்லை என்று 2012இல் ஐநா மனித உரிமைக் குழு சொன்னது, 2014 தேர்தலுக்கு மட்டும் அறிவிக்காமலும் நிற்கலாம் என்று தற்காலிகமாகத் திருத்தினார்கள். லெபனான் இதைவிடக் கடுமையான பாடம். 1932 கணக்கெடுப்பை வைத்து 1943இல் நாடாளுமன்ற இடங்களில் கிறிஸ்தவருக்கு ஆறு, முஸ்லிமுக்கு ஐந்து என்ற விகிதம் நிலைத்தது, மக்கள்தொகை மாறியது, விகிதம் மாறவில்லை, 1975இல் தொடங்கிய உள்நாட்டுப் போருக்குப் பல காரணங்களில் அதுவும் ஒன்று. 1989இல் பாதிப் பாதி என்று மாற்றினார்கள், ஆனால் 1932க்குப் பிறகு அங்கே அதிகாரபூர்வக் கணக்கெடுப்பே நடக்கவில்லை. நான்காவது வரைவிலும் ‘நீளிரவுப் போருக்குப் பின் எடுத்த கணக்கே என்றும் செல்லும்’ என்று ஒரு வரி இருக்கிறது. அந்த வரி கண்டிப்பாகப் போக வேண்டும். போரில் பாதி ஊரை இழந்த மறுநாள் நிழலாரை எண்ணி, அதுதான் உங்கள் நிரந்தர அளவு என்று சொல்வதைவிட அநியாயம் வேறு என்ன இருக்கிறது? பதிலாக, பத்துப் பருவத்துக்கு ஒருமுறை எண்ண வேண்டும், எண்ணாமல் விட்டால் சபை தானாகக் கலைந்துவிட வேண்டும். தண்டனை இல்லாத விதியை யாரும் செய்ய மாட்டார்கள்.

அப்புறம், ஒருவர் தன் தரப்பை வாழ்நாள் முழுக்க அறிவித்தே ஆக வேண்டும் என்ற பிரிவு. கனவில் இன்று மனிதனாக வந்தவர் நாளை கொக்காக வருகிறார், ஒரு துயில்வாரின் நினைவிலிருந்து பிறந்த நிழலார் அவருக்கு மகளும் இல்லை, அந்நியரும் இல்லை. போன பருவத்திலேயே காவலர் ஒருவர் கதவை விட்டு உள்ளே வந்து நிழலாரோடு தங்கிவிட்டதை நாம் சேர்ந்துதான் எழுதினோம். அவரை எந்தப் பக்கத்தில் எண்ணுவது? விரும்பியவர் அறிவிக்கலாம், விரும்பாதவர் பொதுவில் நிற்கலாம், மாற்றிக்கொள்ளவும் செய்யலாம். ஆறு இடத்தை நிரப்பும்போது மட்டும் அறிவித்தவர்களைப் பார்த்தால் போதும்.

இவை எல்லாம் சின்னத் திருத்தம். பெரிய திருத்தம் மறதியைப் பற்றியது. நான்காவது வரைவு மூன்று அதிகாரத்தையும் ஒரே சபையிடம் ஒரே பெரும்பான்மைக்கு விடுகிறது. மஸ்கரீன் உடன்படிக்கையிடமிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது பாதிப் பாதிக் கணக்கை அல்ல, எது எதைப் பற்றிப் பேசுகிறோம் என்று பிரித்துப் பேசிய அந்த நிதானத்தை. மூன்று அதிகாரமும் ஒரே மாதிரி இல்லை. நெசவில் தப்பு நடந்தால் மறுநாள் இரவு வேறு மாதிரி நெய்யலாம். கதவில் தப்பு நடந்தால் ஒருவர் தாமதமாக விழிப்பார், கஷ்டம்தான், ஆனால் சரிசெய்துவிடலாம். மறதியில் தப்பு நடந்தால் திரும்பி வருவது எதுவும் இல்லை, அழிந்த ஊர் அழிந்ததுதான். அதனால் நெசவைச் சபையின் சாதாரணப் பெரும்பான்மைக்கு விடலாம். கதவுக்குத் துயில்வார், காவலர் இருவரின் சம்மதமும் வேண்டும், ஏனென்றால் வாசல் அவர்கள் இருவருடைய உயிர் சம்பந்தப்பட்டது. மறதிக்கு, சபையில் எத்தனை பேர் கை தூக்கினாலும், அந்தக் கனவில் வாழ்கிற நிழலாரின் சம்மதம் இல்லாமல் ஒரு தெருவைக்கூட அழிக்கக் கூடாது. நம் நாட்டின் ரோட்ரிக்ஸ் தீவுக்கு 2001இல் தனிச் சட்டம் போட்டு 2002இலிருந்து அவர்களுக்கென்று மண்டல சபை நடக்கிறதே, அதுபோல நிழலாருக்கும் சொந்த சபை ஒன்று இருந்து, மறதியில் அதன் சொல்லே கடைசிச் சொல்லாக இருக்கட்டும். பெரிய சபையில் அவர்களுக்கு இருக்கும் இடம் அதற்கு மேலே.

இதற்கு எதிராகச் சொல்லப்படுவதில் நான் மதிக்கிற வாதம் ஒன்று உண்டு, அதைச் சொன்னவர் நம்மில் இளையவரான தம்பி. சில கனவுகள் கொடுமையானவை, அதைக் கண்டவர் மறக்க விரும்புகிறார், அதற்கும் நிழலாரிடம் அனுமதி கேட்க வேண்டுமா என்று கேட்டார். நியாயமான கேள்வி. விழித்தவரின் தலைக்குள் மறப்பதும் கரையில் அழிப்பதும் ஒன்றாக இருக்க வேண்டும் என்று எந்த விதியும் நாம் வைக்கவில்லை. துயில்வார் தன் நினைவிலிருந்து அதை இறக்கி வைக்கலாம், வேறு யாராவது ஒருவர், ஒரு நிழலாரே கூட, அதை ஏந்திக்கொண்டால் ஊர் நிற்கும். ‘கனவு முழுக்க மறந்துபோனால்’ என்றுதானே விதி. ஏந்திக்கொள்ள யாரும் வராவிட்டால் என்ன செய்வது என்பது கடினமான இடம், அதை உடன்படிக்கையில் தீர்க்காமல் கதைக்கு விட்டுவிடுவோம். நல்ல உடன்படிக்கை வந்தால் கதை செத்துவிடும் என்று பயப்படுகிறவர்களுக்கும் இதுதான் என் பதில். யார் அந்தச் சுமையை ஏற்பார் என்று நிழலார் சபையில் நடக்கும் ஒரு விவாதம், கதவு மூடியா திறந்தா என்று மறுபடி நடக்கும் ஒரு போரைவிட எத்தனையோ மடங்கு நன்றாக ஆட வரும்.

மிச்சம் இருப்பது சில நடைமுறைகள். தீர்ப்புச் சொல்ல மூன்று தரப்பிலும் சேராத ஒருவர் வேண்டும். நம் நாட்டு வழக்குகளே கடைசியில் லண்டனில் மேல்முறையீட்டை விசாரிக்கும் பிரிவி கவுன்சில் வரை போகின்றன, வெளியார் தீர்ப்பு நமக்குப் புதிதல்ல. இரவில் உறங்காத ஆந்தைகளை வைக்கலாம் என்று முதல் வரைவில் அக்கா எழுதியிருப்பது எனக்குப் பிடித்திருக்கிறது, அதை எடுத்துக்கொள்வோம். கையெழுத்தாவது வேறு, நடைமுறைக்கு வருவது வேறு என்பதையும் எழுத வேண்டும். துரோமெலின் தீவைக் கூட்டாக நிர்வகிக்க 2010இல் பிரான்ஸும் நாமும் கையெழுத்துப் போட்டோம், பிரெஞ்சு நாடாளுமன்றம் அதை இறுதி செய்யாமலே வருடங்கள் போயின. அதனால் மூன்று தரப்பும் தங்கள் தங்கள் சபையில் ஒரு பருவத்துக்குள் ஏற்காவிட்டால் போர் நிறுத்தம் மட்டும் நீடிக்கும், உடன்படிக்கை மறுபடி மேசைக்கு வரும் என்று ஒரு பிரிவு சேர்க்கலாம்.

கடைசியாக, உடன்படிக்கையில் மூன்று தரப்பின் பெயர் வரிசை. சின்ன விஷயம் என்று யாரும் தள்ளிவிட வேண்டாம். 1998இல் வந்த புதிய ரூபாய் நோட்டுகளில் தமிழ் எழுத்தை ஒரு படி கீழே இறக்கியபோது இந்த நாட்டுத் தமிழர்கள் எப்படிக் கொதித்தார்கள் என்று வீட்டில் கேட்டுப் பாருங்கள், அந்த நோட்டுகளையே திரும்பப் பெற்றுப் பழைய வரிசையில் மறுபடி அச்சிட வேண்டியதாயிற்று. நாடுகளுக்கு நடுவே இதற்கென்று ஒரு பழைய வழக்கம் உண்டு: ஒவ்வொரு தரப்பும் வைத்துக்கொள்ளும் பிரதியில் அந்தத் தரப்பின் பெயரே முதலில் வரும். நாமும் மூன்று பிரதி எழுதுவோம், நிழலார் பிரதியை வகுப்புப் பிள்ளைகள் கையால் எழுதட்டும். சனிக்கிழமை வாக்கெடுப்பில் நான்காவது வரைவையும் மறதிப் பிரிவுத் திருத்தத்தையும் தனித்தனியாக விடாமல் ஒன்றாகவே விட வேண்டும் என்று கேட்கிறேன், திருத்தம் தோற்று வரைவு மட்டும் வென்றால் நான் எதிர்த்துத்தான் வாக்களிப்பேன்.